டாக்குமென்டரி மியூசிக்: எடிட்டுக்கு முன்னாடியா பின்னாடியா?

டாக்குமென்டரிக்கு மியூசிக் போடறதுல முதல் பஞ்சாயத்தே இதுதான், ட்யூனை முதல்லயே போட்டுடணுமா, இல்ல எடிட் லாக் ஆனப்புறம், அதாவது இனி ஒரு ஷாட்டும் மாறாதுன்னு ஆனப்புறம், கம்போசரைக் கூப்பிட்டா போதுமா. பேட்டி நிறைய இருக்கிற படம்னா என் ஓட்டு முன்னாடிக்குத்தான்.

அமெரிக்க டாக்குமென்டரி டைரக்டர் கென் பர்ன்ஸோட 'தி சிவில் வார்', அமெரிக்க உள்நாட்டுப் போர் பத்தின தொடர், 1990ல பிபிஎஸ்ங்கிற அங்கத்திய டிவியில வந்துச்சு, பதினோரு மணி நேரம் ஓடும். அந்தப் போர் நடந்தப்போ சினிமாவே கிடையாது, கையில இருந்தது பழைய போட்டோவும் கடிதமும்தான். பர்ன்ஸ் மியூசிக்கை முன்னாடியே ரெக்கார்ட் பண்ணிட்டுத்தான் எடிட்டுக்கு உக்காருவார், அதனால போட்டோ மேல கேமரா எவ்ளோ மெதுவா நகரணும், எங்க நிக்கணும்னு வயலின்தான் சொல்லுது. முதல் எபிசோட் முடிவுல சல்லிவன் பாலூங்கிற மேஜர் மனைவிக்கு எழுதின கடிதம் வரும், 1861 ஜூலையில எழுதிட்டு ஒரே வாரத்துல புல் ரன் சண்டையில அடிபட்டு அந்த மாசமே போய்ட்டார் மனுஷன். அதுக்குக் கீழ ஓடறது 'அஷோகன் ஃபேர்வெல்'. கேக்குறவங்க பாதிப் பேர் அதை அந்தக் காலத்து ட்யூன்னுதான் நினைப்பாங்க, ஆனா ஜே உங்கர் போட்டது 1982ல! எடிட் முடிச்சுட்டு மேல ஒட்டியிருந்தா இந்த ஒட்டுதல் வந்திருக்குமாங்கறது சந்தேகம்தான்.

பேச்சே இல்லாத 'கொயானிஸ்காட்ஸி' டாக்குமென்டரியும் இந்த ரகம்தான், ஃபிலிப் கிளாஸ் மியூசிக்கும் எடிட்டும் மாத்தி மாத்தி ஒன்னை ஒன்னு இழுத்துட்டுப் போகும்.

எதிர்ப்பக்கம் பிபிசியோட இயற்கைத் தொடர் 'பிளானட் எர்த்', 2006. ஜார்ஜ் ஃபென்டன் மியூசிக், பிபிசி கான்சர்ட் ஆர்கெஸ்ட்ரா. மிருகம் பேசாது, பாயுற இடம் பதுங்குற இடம்னு மியூசிக் ஃப்ரேம் கணக்கா விழணும், அதுவும் அவ்ளோ பேரை உக்கார வச்சு வாசிக்க வச்சப்புறம் எடிட்ல நாலு செகண்ட் குறைச்சுட்டேன்னு வந்து நின்னா யார் காசு குடுக்கறது. அதனால இங்க பின்னாடிதான் சரி, மறுக்கவே மாட்டேன். ஆனா இந்த ரூட்ல டெம்ப் ட்ராக்னு ஒரு பேய் இருக்கு. எடிட்டர் வேற எதோ படத்து மியூசிக்கைத் தற்காலிகமா போட்டு வச்சிருப்பார், டைரக்டர் அதையே மாசக்கணக்கா கேட்டுக் கேட்டு மயங்கிடுவார், கடைசியில கம்போசர்கிட்ட "அதே மாதிரி, ஆனா அது இல்லாம" வேணும்பாங்க. அப்புறம் எங்க புதுசா வரும்?

மூணாவது கட்சி அமெரிக்க டாக்குமென்டரி டைரக்டர் ஃபிரெடரிக் வைஸ்மன், பின்னணி இசையே வேண்டாம்னு இருந்தவர். அதுக்கு லொகேஷன் சவுண்ட் சுத்தமா இருக்கணும், நம்ம ரெக்கார்டிங் லட்சணத்துக்கு அது வேற கதை.

சின்ன பட்ஜெட்னா ஷூட்டிங் நடக்கும்போதே நாலஞ்சு தீம் போட்டு வாங்கி, ஸ்டெம்ஸ், அதாவது ஒவ்வொரு வாத்தியத்தோட ட்ராக்கும், தனித்தனியா எடிட்டர் கையில குடுத்துடுங்க. பேட்டிக்குக் கீழ செல்லோ மெலடி மட்டும் வேண்டாம், ஆம்பளைக் குரலும் செல்லோவும் ஒரே ரேஞ்ச்ல அடிச்சுக்கும். அங்க அந்த ஸ்டெம்மை ம்யூட் பண்ணிட்டு, பேட் (pad), அதாவது பின்னாடி மெதுவா நீண்டு ஒலிக்கிற சத்தம், அதை மட்டும் விட்டா போதும்.