புல்தரையில் வேர்ப்புழு: நான்கு மழைக்காலக் கணக்கு

பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் வீடு. வாசலில் மூன்று சென்ட் பஃபலோ புல். 2021 ஓணத்துக்கு வெட்டலாம் என்று இறங்கினால், அங்கங்கே மஞ்சள். மைனாக்கள் வேறு கிளறிக்கொண்டிருந்தன. ஒரு பிடி இழுத்தேன், பாய் சுருட்டுகிற மாதிரி கையோடு வந்துவிட்டது. வேரே இல்லை. அடியில் பழுப்புத் தலையும் வெளுத்த உடம்புமாகச் சுருண்டு கிடந்த புழுக்கள், ஒரு சதுர அடியில் பதினொன்று.

"குருணை போடுங்க தம்பி, ஒரே வாரத்துல சரியாயிரும்" என்றார் பக்கத்து வீட்டு அண்ணன். அவர் சொன்ன போரேட் என்ற பூச்சிக்கொல்லிக் குருணைக்கு 2020 கடைசியோடு நாடு முழுக்கத் தடை. தவிர, பிள்ளைகள் உருளுகிற புல்.

சரி என்று நூற்புழுத் தூளுக்குப் போனேன்; வேர்ப்புழுவுக்குள் புகுந்து அதைக் கொல்லும், கண்ணுக்குத் தெரியாத உயிருள்ள புழு அது. ஹெட்டெரோராப்டிடிஸ் இண்டிகா என்ற இனம், நம்ம கோயமுத்தூர் மண்ணில் கண்டெடுத்தது. இணையத்தில் ஆகஸ்டு, செப்டம்பரில் ஊற்றச் சொல்லியிருந்தார்கள், ஊற்றினேன். பாதிகூடச் சாகவில்லை. அது, இந்தப் புழுவுக்கு முட்டையிடும் வண்டு ஜூன், ஜூலையில் பறக்கும் அமெரிக்கக் கணக்கு என்பது அப்புறம்தான் உறைத்தது. இங்கே கோடைமழையிலேயே வண்டு கிளம்பிவிடுகிறது; ஓணத்துக்குள் புழு கொழுத்துவிடும், கொழுத்ததற்கு எதுவும் சரியாக ஏறாது.

அடுத்த வருடம் முதல் பலத்த மழை பெய்த அன்று, இருட்டியதும் வேப்ப மரத்தடியில் டார்ச் அடித்தேன். இலை முழுக்கப் பழுப்பு வண்டு, கடிக்கிற சத்தம்கூடக் கேட்டது. கீழே பழைய வேட்டியை விரித்து, கிளையை உலுக்கி, விழுந்ததை மண்ணெண்ணெய் கலந்த தண்ணீரில் போட்டோம். ஒரு வாரம் இதே வேலை. வீட்டில் சிரித்தார்கள். மழை பெய்து ஐந்தாவது வாரம், புழு அரிசி அளவில் இருக்கும்போது, வெயில் தாழ்ந்த பிறகு ஈரமண்ணில் தூளைக் கரைத்து ஊற்றினேன். பத்து நாள் கழித்துத் தோண்டினால் செத்த புழு செங்கல் நிறத்தில் கிடந்தது. நூற்புழு வேலை செய்ததற்கு அதுதான் அடையாளம்.

2023-இல் அந்தச் சிவப்பே காணோம். கடையில் வெக்கையில் கிடந்த பழைய பாக்கெட்டைத் தலையில் கட்டிவிட்டார்கள். உயிருள்ள சரக்கு, தயாரித்த தேதி பார்க்காமல் வாங்கியது என் தப்பும்தான்.

2024 ஏப்ரலில் பாலக்காடே வெப்ப அலையில் வெந்தது, மழையில்லை. மழை பார்க்காமல் காலண்டர் தேதி பார்த்து ஊற்றியிருந்தால் காசு போயிருக்கும். மே மாத மழை வரை பொறுத்தேன். வண்டும் அப்போதுதான் வந்தது. அந்த ஓணத்துக்குப் புல் பச்சையாக இருந்தது. குழாயடியில் மட்டும் ஒரு முறம் அகலத்துக்கு இன்னும் சொட்டை.