ஷகீரா ‘எம்டிவி அன்பிளக்ட்’: கீல் உடைந்த பெட்டிக்குள் ஒரு புதையல்

பழைய சிடி விற்கும் கடையில் வாங்கினேன். பெட்டியின் கீல் உடைந்திருந்தது. தட்டில் மட்டும் ஒரு கீறல்கூட இல்லை. ஒரு மாதமாக ராத்திரி சமைக்கும்போது இதுதான் ஓடுகிறது.

பெரும்பாலும் மின்சாரம் இல்லாத வாத்தியங்களோடு பாடவைக்கும் எம்டிவி சேனலின் ‘அன்பிளக்ட்’ நிகழ்ச்சிக்காக, 1999 ஆகஸ்டில் நியூயார்க்கில் பதிவான கச்சேரி. பாடகி ஷகீராவுக்கு அப்போது 22 வயது. கொலம்பியாவின் பாரன்கியா ஊர்க்காரர். முதல் இரண்டு ஆல்பங்களை யாரும் சீண்டவில்லை. 1995-ல் வந்த மூன்றாவதுதான் லத்தீன் அமெரிக்கா முழுக்கக் கொண்டுபோனது. 2001-ல் ஆங்கில ஆல்பம், உலகப் புகழ் எல்லாம். அதற்கு முந்தைய ஷகீரா வேண்டுமென்றால் இந்தத் தட்டுதான்.

‘சியேகா, சோர்தோமூதா’வில் மரியாச்சி என்ற மெக்சிகோ நாட்டுப்புற இசைக்குழு உள்ளே வருகிறது பாருங்கள், ட்ரம்பெட் எழும்பும் அந்த நொடியில் கையிலிருந்த கரண்டியை அப்படியே வைத்துவிட்டு நின்றேன். ஸ்டுடியோ வடிவத்தைத் திரும்பக் கேட்கவே மனசு வரவில்லை. கடைசிப் பாட்டு ‘ஓஹோஸ் ஆசி’யில் அரபு வரிகள், அரபுத் தாளம். அப்பா வழியில் லெபனான் வேர் உள்ளவர். ஒட்டவைத்த மாதிரி இல்லை, வீட்டுக்குள்ளிருந்தே வருகிறது.

ஒரே குறை: 11 பாட்டில் 10 பாட்டு இதற்கு முந்தைய 1998 ஸ்டுடியோ ஆல்பத்திலிருந்தே. 1995 ஆல்பத்திலிருந்து ‘எஸ்தோய் அகீ’ ஒன்றுதான். அதிலிருந்து இன்னும் இரண்டு பாட்டாவது சேர்த்திருக்கலாம்.

சிறந்த லத்தீன் பாப் ஆல்பத்துக்கான கிராமி இதற்குத்தான் 2001-ல் கிடைத்தது. ஹெட்போன் போட்டுக் கேளுங்கள். மூச்சு இழுப்பதுகூடக் கேட்கும்.