உப்புத் தண்ணீர் ஊரில் கூந்தலுக்கு எது: வெந்தயமா, செம்பருத்தியா, கடல்பாசியா?

எங்கள் வீட்டுக் குளியலறையில் குழாய் ஒன்று, குடம் ஒன்று. குழாயில் வருவது போர் தண்ணீர், அதாவது ஆழ்துளைக் கிணற்று உப்புத் தண்ணீர். குடத்தில் இருப்பது காவிரித் தண்ணீர் விடும் நாளில் தெருமுனையில் பிடித்து வந்தது. வராத வாரத்தில் வண்டிக்காரரிடம் காசு கொடுத்து வாங்கியது. மண்டபம், பெரியபட்டினம், கீழக்கரை என்று ராமநாதபுரம் கடலோரத்தில் எங்கே போனாலும் இப்படி இரண்டு தண்ணீர் வைத்துக் குடித்தனம் நடத்தும் வீடுகளைப் பார்க்கலாம். குழாய்த் தண்ணீரில் சோப்பு போட்டால் நுரை வராது, வெள்ளையாகத் திரிந்து போகும். அதிலேயே தலைக்கும் குளித்துவிட்டு வந்தால் முடி பனந்தும்பு மாதிரி விறைத்துக்கொண்டு நிற்கும்.

மதுரையில் இருக்கும் என் சித்தி மகள் வெந்தயம் அரைத்துப் பூசித்தான் முடியைப் பட்டு மாதிரி வைத்திருக்கிறாள். அதே பக்குவத்தை நான் இங்கே செய்து பார்த்தேன். மூன்று நாள் தலையிலிருந்து வெந்தயப் பொடி உதிர்ந்ததுதான் மிச்சம். சரி, வெந்தயம் இல்லாவிட்டால் செம்பருத்தி, அதுவும் இல்லாவிட்டால் கற்றாழை என்று ஆரம்பித்து, ஏழெட்டு மாதம் செவ்வாயும் வெள்ளியும் இதே வேலையாகப் போனது. நடு வகிடு எடுத்து, இடது பக்கம் ஒன்று, வலது பக்கம் வேறொன்று. வீட்டில் எல்லோரும் சிரித்தார்கள். ஆனால் ஒரே தலை, ஒரே தண்ணீர், ஒரே காற்று. இதைவிட நேர்மையாக ஒப்பிட எனக்கு வழி தெரியவில்லை.

முதலில், இங்கே முடிக்கு என்ன ஆகிறது என்று பார்த்துவிடலாம். போர் தண்ணீரில் இரண்டு தொல்லை. ஒன்று உப்பு. இன்னொன்று சுண்ணாம்புச் சத்து, அதாவது கால்சியமும் மெக்னீசியமும். சோப்பு இந்தச் சுண்ணாம்போடு சேர்ந்தால் கரையாத படிவாக மாறி முடி மேலேயே ஒட்டிக்கொள்ளும். போதாக்குறைக்கு சோப்பு காரத்தன்மை உள்ளது. முடியின் மேல்தோல் ஓடு வேய்ந்த கூரை மாதிரி செதில் செதிலாக அடுக்கியிருக்கும். காரம் பட்டால் அந்தச் செதில்கள் கொஞ்சம் தூக்கிக்கொள்ளும். ஒன்றோடொன்று மாட்டிச் சிக்கு விழுவது அதனால்தான். ஷாம்பு போட்டால் இந்தப் படிவுத் தொல்லை குறைவு. அதை ஒத்துக்கொள்ளத்தான் வேண்டும்.

கடையில் விற்கும் கண்டிஷனர் வேலை செய்யும் விதமே வேறு. நனைந்த முடியில், அதிலும் அடிபட்ட முடியில், எதிர் மின்னேற்றம் இருக்கும். கண்டிஷனரில் இருக்கும் பொருளுக்கு நேர் மின்னேற்றம். அதனால் எங்கே முடி அதிகம் கெட்டிருக்கிறதோ அங்கே தேடிப்போய் ஒட்டும், அலசினாலும் ஓரளவு நிற்கும். நம் வீட்டுச் சரக்குக்கு அந்த வித்தை தெரியாது. வெந்தயத்தின் வழுவழுப்பு, செம்பருத்தி இலையின் கொழகொழப்பு எல்லாம் தண்ணீரை இழுத்து வைத்துக்கொள்ளும் நார்ச்சத்து வகைகள். முடி மேல் மெல்லிய படலமாகப் படரும், சீப்பு வழுக்கிக்கொண்டு போகும், அலசினால் பெரும்பகுதி போய்விடும். ஆகவே கடைக் கண்டிஷனரோடு போட்டி வைத்தால் சிக்கு எடுப்பதில் கடைச் சரக்குதான் ஜெயிக்கும். வீட்டுச் சரக்குகளுக்குள் எது தேவலை என்பதுதான் இங்கே பேச்சு.

வெந்தயத்தில் நான் செய்த தப்பு அரைத்ததுதான். இரண்டு மேசைக்கரண்டி வெந்தயத்தை இரவு ஊறவைத்து மையாக அரைத்தாலும் தோல் துணுக்கு போகாது. அந்தத் துணுக்கை முடியிலிருந்து எடுக்க எனக்கு 9 செம்புத் தண்ணீர் ஆனது. மதுரையில் குழாயைத் திறந்துவிட்டு நிற்கலாம். இங்கே 9 செம்பு நல்ல தண்ணீர் என்றால் முக்கால் குடம் காலி. போர் தண்ணீரில் அலசினாலோ பூசிய பலன் அத்தனையும் அதோடு போயிற்று. அப்புறம்தான் பக்குவத்தை மாற்றினேன். ஊறிய வெந்தயத்தை அரைக்காமல், இரண்டு டம்ளர் தண்ணீரில் போட்டு அடுப்பைச் சிறிதாக வைத்துக் கால் மணி நேரம் கொதிக்கவிட வேண்டும். தண்ணீர் எண்ணெய் மாதிரி கெட்டியானதும் சூட்டோடு பழைய வேட்டித் துணியில் பிழிந்தால் வழுவழுவென்று ஒரு கஞ்சி இறங்கும். ஆறவிட்டால் உறைந்துவிடும் என்ற பயம் இல்லை, ஆனால் ஆறிய பிறகு பிழிவது சிரமம். இதை அலச 4 செம்பு போதும். துணியில் மிஞ்சிய வெந்தயத்தை நான் அடை மாவில் போட்டு அரைத்துவிடுவேன்.

குறையும் உண்டு. வாசனை இரண்டு நாளைக்குப் போகாது. வியர்த்தால் இன்னும் தூக்கும். குளிர்ச்சி என்பதால் சளி பிடிக்கும் என்று என் மாமியார் சொல்வார். ஈரத்தலையோடு அரை மணி நேரம் கடற்காற்றில் உட்கார்ந்தால் யாருக்குத்தான் தலை கனக்காது? நிலக்கடலை ஒத்துக்கொள்ளாதவர்கள் மட்டும் வெந்தயத்தை முதலில் காதுக்குப் பின்னால் கொஞ்சம் தடவிப் பார்த்துக்கொள்வது நல்லது. இரண்டும் பயறு வகைக் குடும்பம்.

செம்பருத்தி இலைக்கு இந்த வம்பெல்லாம் இல்லை. ஒற்றை அடுக்குச் சிவப்புச் செம்பருத்தியின் இலை இருபது பறித்து, ஒரு செம்புத் தண்ணீருக்குள் கையால் கசக்கிக்கொண்டே இருந்தால் ஐந்து நிமிடத்தில் தண்ணீர் பச்சையாக நூல் விடும். வடிகட்டித் தலையில் ஊற்றினால் 3 செம்பில் போய்விடும். கொஞ்சம் அழுக்கையும் எடுக்கும். இடது பக்கம் செம்பருத்தி, வலது பக்கம் வெந்தயக் கஞ்சி என்று வைத்துப் பார்த்ததில், ஈரத்தில் இரண்டும் ஒன்றுதான். காய்ந்த பிறகு வெந்தயப் பக்கம் இன்னும் படிந்து நின்றது, செம்பருத்திப் பக்கம் லேசாக இருந்தது. மெல்லிய முடிக்காரர்களுக்குச் செம்பருத்தியே மேல். ஆனால் செடிக்கு எங்கே போவது? கடலைப் பார்த்த வாசலில் வைத்தால் உப்புக்காற்று பட்டு இலை ஓரம் கருகுகிறது. என் செடி வீட்டுக்குப் பின்னால் சுவர் மறைவில் இருப்பதால் பிழைத்தது, அதுவும் அரிசி கழுவின தண்ணீர் குடித்து. நாட்டு மருந்துக் கடையில் காய்ந்த இலைப்பொடி கிடைக்கும். வாங்கிக் கரைத்துப் பார்த்தேன், பச்சை இலை மாதிரி கொழகொழப்பு வரவில்லை.

கற்றாழை இந்த மணலில் கேட்காமலே வளரும். திருஷ்டிக்கு வாசலில் தலைகீழாகக் கட்டினாலும் சாகாத செடி. அதனாலேயே எல்லோரும் அதைத்தான் முதலில் சொல்கிறார்கள். எனக்கு அது ஏமாற்றம். மடலை வெட்டியதும் கசியும் மஞ்சள் பால் தோலை அரிக்கும், அதனால் பத்து நிமிடமாவது நிமிர்த்தி வைத்து வடியவிட வேண்டும். உள்ளே இருக்கும் சோறு கிட்டத்தட்ட முழுக்கத் தண்ணீர். மிக்ஸியில் அடித்தால் நுரைத்து நீர்த்துப்போய்க் கழுத்தில் வழியும். மிச்சம் கொஞ்சம் தலையில் நின்றுவிட்டால் காய்ந்து விறைக்கும், சாயங்காலக் கடற்காற்றில் திரும்பப் பிசுபிசுக்கும். வெயிலில் எரிந்த தலைத்தோலுக்கு இதமாக இருக்கும், அவ்வளவுதான்.

தேங்காய்ப்பால் நேர் எதிர். தங்கச்சிமடம், உச்சிப்புளித் தோப்புக் காய் கிடைத்தால் முதல் பால் கெட்டியாகவே வரும். சுருட்டை முடிக்கும் முரட்டு முடிக்கும் இதைப்போல வேறில்லை. காரணம் அதிலிருக்கும் எண்ணெய். தேங்காய் எண்ணெயில் பெரும்பங்கு லாரிக் அமிலம். அதன் மூலக்கூறு சிறியது, நேரானது, முடிக்குள்ளேயே இறங்கும். 2003-இல் வெளிவந்த ஓர் ஆய்வில் தேங்காய், சூரியகாந்தி, கனிம எண்ணெய் மூன்றையும் ஒப்பிட்டார்கள்; முடியிலிருந்து புரதம் கரைந்து போவதைக் குறைத்தது தேங்காய் எண்ணெய் மட்டுமே. ஆனால் பாலை எடுக்க ஷாம்பு இல்லாமல் முடியாது, தண்ணீரும் 6 செம்பு ஆகும். சரியாகப் போகாவிட்டால் மறுநாள் புளித்த வாடை. தேங்காய் விற்கிற விலைக்கு, குளிப்பதற்கு ஒரு மணி நேரம் முன்னால் இரண்டு கரண்டி எண்ணெய் தேய்த்தாலே அந்தப் பலன் வந்துவிடுகிறது. பாலைக் குழம்பில் ஊற்றலாம்.

இனி கடல்பாசி. இதில்தான் எனக்கு ஆசை அதிகம் இருந்தது. ஊரே பாசி எடுக்கும் ஊர். நோன்பு நாளில் கீழக்கரை வீடுகளில் கடல்பாசி காய்ச்சி, ரோஸ் கலரில் துண்டு போட்டுக் கொடுப்பார்கள். வாயில் இப்படி வழுக்குவது தலையில் வழுக்காதா என்று நினைத்தேன். பக்கத்துத் தெரு மதினி பாசி எடுக்கப் போகிறவர். கஞ்சிப்பாசி ஒரு பை கொடுத்தார். நாலு தண்ணீரில் அலசி உப்பெடுத்து, காய்ச்சி, வடிகட்டி, இளஞ்சூட்டில் தலையில் பூசினேன். பூசும்போது அருமை. ஐந்தாவது நிமிடம் தலையில் இட்லித் துணுக்கு மாதிரி கட்டி கட்டியாக நின்றது.

காரணம் ரொம்பச் சாதாரணம். கஞ்சிப்பாசியிலும் மரிக்கொழுந்துப் பாசியிலும் இருப்பது அகார் என்ற பசைப்பொருள். சூடு சுமார் 40 டிகிரிக்குக் கீழே இறங்கினால் உறையும். உறைந்ததைத் திரும்ப இளக்க 80 டிகிரிக்கு மேல் வேண்டும். அந்தச் சூட்டில் யாரும் தலைக்குக் குளிக்க முடியாது. விரலால் ஒவ்வொன்றாக உருவி எடுத்தேன். கட்டக்கோரை என்ற இன்னொரு பாசியில் இருப்பது ஆல்ஜினேட் என்ற பசை. அதற்குச் சுண்ணாம்புச் சத்து பட்டால் போதும், கெட்டியாகிவிடும். நம் போர் தண்ணீரில் அதுதானே நிறைய இருக்கிறது! 12 அடிக்கு 12 அடி மூங்கில் தெப்பத்தில் கட்டி 45 நாளில் அறுக்கிறார்களே, அந்த வளர்ப்புப் பாசியில் இருப்பது கராஜீனன் என்ற பசை. மூன்றில் இதுதான் கொஞ்சம் பணிந்து வந்தது. உலர்ந்த பாசி ஒரு சிறு கைப்பிடிக்கு ஒன்றரை லிட்டர் தண்ணீர் வைத்துக் காய்ச்சினால் உறையாமல் கொழகொழவென்று நின்றது. வெந்தயக் கஞ்சி அளவுக்கு வழுக்கியது, வாசனைத் தொல்லையும் குறைவு. ஆனால் கழுவி, காய்ச்சி, வடிகட்டி முடிக்க அரை நாள். பாசி வேண்டும் என்று யாரும் தீவுப் பக்கம் போய்விட வேண்டாம். மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் 1986-லிருந்து கடல்வாழ் தேசியப் பூங்கா, அங்கே எடுக்கத் தடை.

நான் கட்டி உருவிக்கொண்டு உட்கார்ந்திருந்ததைப் பார்த்து மதினி விழுந்து விழுந்து சிரித்தார். "நாங்க கடலுக்குள்ள போறதுக்கு முன்னாடி எண்ணெயத் தேச்சுக்கிட்டுப் போவோம், வந்த உடனே நல்ல தண்ணி ஊத்திக்குவோம். இதுக்குப் போயி பாசியக் காச்சினியாக்கும்?" என்றார். எண்ணெய் முதலில் இருந்தால் முடிக்குள் தண்ணீர் புகுவது குறைகிறது. பாசி எடுப்பவர்கள் மணிக்கணக்கில் உப்பில் கிடந்தும் சமாளிப்பது அதனால்தான் போலும்.

அன்றைக்குப் பிறகு நான் சரக்கை மாற்றுவதை விட்டுவிட்டுத் தண்ணீரை மாற்றிப் பார்த்தேன். இரண்டு பக்கமும் அதே வெந்தயக் கஞ்சி. இடது பக்கம் முழுக்கப் போர் தண்ணீர். வலது பக்கம் போர் தண்ணீரில் அலசி, கடைசி ஒரு செம்பு மட்டும் காவிரித் தண்ணீர், அதில் நாலு சொட்டு எலுமிச்சை. எந்த மூலிகைக்கும் மூலிகைக்கும் நடுவில் இவ்வளவு வித்தியாசம் நான் பார்த்ததில்லை. புளிப்பு சுண்ணாம்புப் படிவைக் கரைக்கிறது, தூக்கிய செதிலைப் படியவைக்கிறது. எலுமிச்சைக்குப் பதில் வடிகட்டிய நீச்சத்தண்ணியும் (பழைய சோற்று நீர்) சரிதான், அப்பத்தா காலத்து வழக்கம் அது. எலுமிச்சை விட்டால் அதை அலசாமல் வெயிலில் போகக் கூடாது. தோலில் பட்ட இடம் கன்றிப்போகும்.

இப்போது என் வழக்கம்: குளிப்பதற்கு ஒரு மணி நேரம் முன்னால் தேங்காய் எண்ணெய், மிதமான ஷாம்பு, செடியில் இலை இருந்தால் செம்பருத்தி, இல்லாவிட்டால் வெந்தயக் கஞ்சி, கடைசியில் அந்த ஒரு செம்பு. சுருட்டை முடிக்கு வெந்தயத்தையே பிடித்துக்கொள்ளுங்கள். முட்டை, தயிரையும் சிலர் சொல்வார்கள். இந்த வெக்கையில் அந்த வாடையோடு பஸ் ஏற எனக்குத் துணிச்சல் இல்லை. எது காய்ச்சினாலும் அன்றன்றைக்குச் செய்வது நல்லது. ஃபிரிட்ஜில் வைத்தால் மூன்று நாள், வாடை மாறினால் கொட்டிவிட வேண்டும். மிஞ்சியதை நான் செம்பருத்திச் செடிக்கு ஊற்றுகிறேன். ஷாம்பு கலந்த தண்ணீரை மட்டும் அதற்குக் காட்டுவதில்லை.