"குளிரறை ரோஸ்மேரி" விளம்பரத்தை நம்பிப் பணம் அனுப்பாதீர்கள்

கோலாலம்பூரில் ரோஸ்மேரிச் செடி வாங்க எண்ணியிருப்பவர்கள், குறிப்பாகத் தலைமுடிக்கு ரோஸ்மேரித் தண்ணீர் காய்ச்சத் தொடங்கியிருக்கும் வீட்டார், என்னைப் போல் ஏமாந்துவிடக் கூடாது என்பதற்காக இதை எழுதுகிறேன். இணைய அங்காடி ஒன்றில், "கேமரன் மலையிலிருந்து நேரடியாக, ஏர்கோன் அறையில் செழித்து வளரும்" என்ற விளம்பரத்தைப் பார்த்து, வெள்ளைப் பீங்கான் தொட்டியும் ஊதா நிற விளக்கும் சேர்ந்த ஒரு தொகுப்பை 78 ரிங்கிட் கொடுத்து வாங்கினேன். வந்து சேர்ந்தது செடியே அல்ல என்பது 19 நாட்கள் கழித்துத்தான் தெரிந்தது.

வாங்குவதற்கு முன் நான் விசாரிக்காமல் இல்லை. எங்கள் அடுக்குமாடியின் பால்கனியில் நண்பகலுக்குப் பிறகு நல்ல வெயில் விழும், அங்கே வைக்கலாமா என்று கேட்டேன். "வேண்டாம் அக்கா, இது குளிர்நாட்டுச் செடி, நம் ஊர் வெயிலில் கருகிவிடும். படுக்கையறையில் விளக்கடியில் வையுங்கள், மூன்று நாளுக்கு ஒரு முறை ஒரு கப் தண்ணீர் ஊற்றுங்கள்" என்று பதில் வந்தது. ஸ்காட்லாந்தின் எடின்பரோவில் இருக்கும் என் தங்கை பல ஆண்டுகளாக ரோஸ்மேரியை வீட்டுக்குள் வைத்துத்தான் காப்பாற்றி வருகிறாள் என்பதால், அந்தப் பதில் எனக்குப் பொருத்தமாகவே பட்டது.

பிறகு தங்கையிடம் பேசியபோதுதான் பாதி உண்மையை முழு உண்மையாக்கி விற்றிருக்கிறார்கள் என்பது விளங்கியது. ரோஸ்மேரி மத்தியதரைக் கடலோரத்துப் பாறைச் சரிவுகளில் கடும் கோடை வெயிலைக் குடித்து வளரும் செடி. வெயில் அதற்குப் பகையே அல்ல. தொட்டி மண் உறைந்தால் வேர் செத்துவிடும் என்பதால்தான் குளிர்நாடுகளில் அதைப் பனிக்காலத்தில் உள்ளே எடுத்து வைக்கிறார்கள். அப்படி வைக்கும்போதும் கணப்பு எரியும் அறையில் வைப்பதில்லை. என் தங்கை 10 பாகை செல்சியஸ் அளவில் இருக்கும் கண்ணாடி முகப்பறையில், தெற்குப் பார்த்த ஜன்னலை ஒட்டி வைக்கிறாள். அந்தக் குளிரில் செடி ஏறக்குறைய உறங்கிக் கிடப்பதால் குறைந்த வெளிச்சமே அதற்குப் போதுகிறது. தண்ணீரும் மேல்மண் நன்றாகக் காய்ந்த பிறகுதான். நம் படுக்கையறையின் 24 பாகையில் செடி உறங்காது, அதற்கு முழு வெளிச்சம் வேண்டும். வெட்டவெளியின் உச்சிவெயில் ஒரு லட்சம் லக்ஸ் (வெளிச்சத்தை அளக்கும் அலகு) வரை போகும்போது, அறைக்குள் சில நூறு லக்ஸ்தான் இருக்கும். இந்த இடைவெளியை அந்த ஊதா விளக்கு நிரப்பும் என்று நம்பியது என் பேதைமை.

ஆனால் நான் ஏமாந்த இடம் வெளிச்சம் மட்டுமன்று; எனக்கு வந்தவை வேரில்லாமல் வெட்டிக் குத்திய கிளைகள். துளசியோ புதினாவோ வேரிழந்தால் மாலைக்குள் தலைசாய்த்துவிடும். ரோஸ்மேரியின் ஊசி இலைகள் தடித்தவை, ஈரத்தை எளிதில் விடாதவை; ஆகவே வெட்டிய கிளையும் ஈர மண்ணில் இரண்டு மூன்று வாரம் பச்சையாகவே நிற்கும். அங்காடியில் பொருளைத் திருப்பியனுப்ப ஏழு நாள்தான் அவகாசம். இந்த இரண்டு கணக்கையும் விற்றவர் நன்றாகவே அறிந்திருக்கிறார்.

பத்தொன்பதாம் நாள் ஒரு கிளையைத் தொட்டபோது இலைகள் நொறுங்கி உதிர்ந்தன. இலேசாக இழுத்தேன், ஒரு தடையும் இல்லாமல் கையோடு வந்தது. தொட்டியைக் கவிழ்த்தால், அடியில் துளையே இல்லை. தேங்காய் நார்த்தூள் பிழியப் பிழியத் தண்ணீர் சொட்டியது, நாற்றமும் அடித்தது. மொத்தம் ஐந்து குச்சிகள், சாய்வாகக் கத்தரித்த முனை ஐந்திலும் அப்படியே தெரிந்தது, நான்கு முனைகள் கறுத்து அழுகியிருந்தன. ஒன்றில் மட்டும் வெள்ளை நூல்போல ஒரு வேர், விரல்நக நீளம்கூட இல்லை. கிளைத்துண்டிலிருந்து ரோஸ்மேரி வளர்ப்பது முறையான வழிதான், விதையைவிட அதுவே மேல். ஆனால் வேர் பிடிக்க எடுக்கும் வாரங்களைக் காத்திராமல், அன்று வெட்டியதை அன்றே குத்தி வைத்து "வளர்ந்த செடி" என்று விற்பது மோசடி.

படங்களை அனுப்பினேன். நான் தண்ணீரை அதிகம் ஊற்றிவிட்டேன் என்று ஒரு வரி வந்தது, அதன்பின் என் எண்ணைத் தடுத்துவிட்டார்கள். மலேசியப் பயனீட்டாளர் நடுவர் மன்றத்தில் ஐந்து ரிங்கிட் கட்டணத்தில் வழக்குப் பதியலாம், 1999ஆம் ஆண்டின் பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டம் அதற்கு வழி செய்கிறது. விற்றவரின் பெயரும் முகவரியும் இல்லாமல் யார்மேல் வழக்குப் போடுவது என்பதுதான் இப்போது என் சிக்கல். இணைய வணிகர்கள் அவற்றை வெளியிட்டாக வேண்டும் என்று விதி இருக்கிறது. அந்தப் பக்கத்தில் ஒரு கைப்பேசி எண்ணைத் தவிர வேறொன்றும் இருக்கவில்லை, நானும் அன்று தேடவில்லை.

ரோஸ்மேரி வேண்டுமென்பவர்கள் சுங்கை பூலோ சாலையோர நர்சரிகளுக்கு நேரில் போய், தண்டின் அடி மரம்போல் பழுப்பேறியிருக்கிறதா, தொட்டித் துளையில் வேர் எட்டிப் பார்க்கிறதா என்று பாருங்கள். இணையத்தில்தான் வாங்குவதென்றால், தொட்டியிலிருந்து செடியை உருவி வேர்க்கட்டியைக் காட்டும் காணொளி கேளுங்கள். நான் நர்சரியில் ஒன்பது ரிங்கிட்டுக்கு வாங்கிய செடி, பாதி மணலும் பாதி மண்ணுமாகக் கலந்த மண் தொட்டியில், மழைச்சாரல் படாத பால்கனி மூலையில் நிற்கிறது.

நேற்று அந்த விற்பனைப் பக்கத்தை மறுபடியும் பார்த்தேன். அதே பீங்கான் தொட்டி, அதே ஊதா விளக்கு, அதே ஏர்கோன் வாசகம். செடியின் பெயர் மட்டும் லாவண்டர் என்று மாறியிருந்தது, விலை 89 ரிங்கிட்.