சந்தக்பூ–ஃபாலுட் ஒரு வார மலை நடை: நாலாம் நாளைப் பற்றியும் கொஞ்சம் பேசுவோம்

முதலில் தீர்ப்பைச் சொல்லிவிடுகிறேன். அவசரக்காரர்கள் இத்தோடு நிறுத்திக்கொள்ளலாம். சந்தக்பூ–ஃபாலுட் ட்ரெக் கொடுத்த காசுக்குக் குறைவில்லாதது. கைடு நல்லவராக அமைந்துவிட்டால் காசுக்கு மேலேயே கிடைக்கும். ஆனால் விளம்பரத்தில் ‘ஆரம்ப நிலை, எல்லாரும் வரலாம்’ என்று போட்டிருக்கிறார்களே, அது மூன்றாம் நாள் வரைக்கும்தான் பொருந்தும். நாலாம் நாளைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை. நான் திறக்கிறேன்.

எனக்கு வயது 48. ராஜபாளையத்தில் வங்கி வேலை, நாளெல்லாம் நாற்காலிதான். ஆனால் தாணிப்பாறை வழியாகச் சதுரகிரி ஏறி இறங்கிப் பழக்கம் உண்டு. சர்க்கரை இல்லை, பிரஷர் மட்டும் எல்லைக்கோட்டில் நிற்கிறது. கூட வந்தவள் என் நாத்தனார். என்னைவிட இளையவள், புனேயில் பல வருஷம் குடியிருந்ததால் இந்தி சரளமாகப் பேசுவாள். விளம்பரத்தில் வரும் ‘மிதமான உடல்திறன்’ என்பதற்கு எங்கள் இரண்டு பேரையும் அளவுகோலாக வைத்துக்கொள்ளுங்கள்.

கொல்கத்தாவிலிருந்து நடத்தும் ஒரு நிறுவனத்தில் ஆளுக்கு 14,000 ரூபாய் கட்டினோம். நியூ ஜல்பாய்குரி ஸ்டேஷனிலிருந்து ஜீப்பில் கூட்டிப்போய்த் திரும்பக் கொண்டுவந்து விடுவது, தங்குமிடம், மூன்று வேளைச் சாப்பாடு, கைடு, வனத்துறை அனுமதி எல்லாம் அதில் சேர்த்தி. நிறுவனத்தின் பேரை எழுதப் போவதில்லை. குறை சொல்லப் போகிறேன், அவர்கள் பக்க நியாயம் என்னவோ.

இடம் தெரியாதவர்களுக்காக: டார்ஜிலிங் மாவட்டத்தில் நேபாள எல்லையை ஒட்டிச் சிங்கலிலா என்றொரு மலைத்தொடர் ஓடுகிறது. அதன் முதுகின்மேலேயே நடப்பதுதான் இந்த ட்ரெக். சந்தக்பூ 3,636 மீட்டர், மேற்கு வங்கத்திலேயே உயரமான இடம். நம் தொட்டபெட்டா 2,637. முதல் நாள் ராத்திரி படுக்கும் தும்லிங்கே தொட்டபெட்டாவைவிட உயரம் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். 1992-இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட காடு. உள்ளூர் கைடு இல்லாமல் உள்ளே விட மாட்டார்கள். ஜூன் நடுவிலிருந்து செப்டம்பர் நடுவரை மழைக்காக மூடிவிடுவார்கள். டென்ட் கட்டாயம் இல்லை. ஊர்க்காரர்கள் நடத்தும் சின்னச் சின்ன விடுதிகளில் கட்டிலும் கனத்த பஞ்சுப் போர்வையும் கிடைக்கும். தரையில் படுத்தால் இடுப்பு பிடித்துக்கொள்ளும் வயதில் இருப்பவர்களுக்கு இது ஒன்றே போதும், இமயமலையில் மற்ற பாதைகளை விட்டுவிட்டு இதைத் தேர்ந்தெடுக்க.

முதல் இரண்டு நாளைச் சீக்கிரம் கடந்துவிடலாம். மானேபஞ்சனில் தொடங்கிச் சித்ரே போகும்வரை ஏற்றம் மூச்சு வாங்கவைக்கும். பிறகு மேக்மா, தும்லிங். மறுநாள் ஜாவ்பாரி, காய்ரிபாஸ் என்று இறங்கி, இறங்கியதையெல்லாம் மறுபடி ஏறிக் காளிபோக்ரி. எரிச்சலான விஷயம், இது வெறும் நடைபாதை இல்லை, ஜீப் போகிற பாதை. வெள்ளைக்காரத் தேயிலைத் தோட்ட முதலாளிகள் விட்டுப்போன பழைய லேண்ட் ரோவர்கள் இங்கே பிரபலம். இப்போது அவை குறைந்து பொலீரோக்கள்தான் அதிகம். நாம் நாக்குத் தள்ள ஏறிக்கொண்டிருக்கும்போது பக்கத்தில் ஒரு குடும்பம் ஜன்னல் வழியாகக் கையை ஆட்டிவிட்டுப் போகும். புழுதி நமக்கு. கைடுகள் முடிந்த இடத்தில் குறுக்குப் பாதையில் காட்டுக்குள் கூட்டிப்போய்விடுகிறார்கள் என்பதால் தப்பித்தோம்.

பாதை இந்தியாவுக்கும் நேபாளத்துக்கும் மாறி மாறித் தாவும். வேலியோ சுவரோ கிடையாது. அங்கங்கே எல்லைக் கல், எல்லையைக் காக்கும் எஸ்எஸ்பி படையினரின் சோதனைச் சாவடி. அடையாள அட்டையைக் காட்டிப் பேரை எழுதினால் முடிந்தது. தும்லிங் நேபாளத்துக்குள் இருக்கிறது. செல்போன் நேபாள டவரைப் பிடித்த கணமே மணி தானாக 15 நிமிடம் முன்னால் போய்விடும். நாத்தனார் விடியலைப் பார்க்க வைத்த அலாரம் கால் மணி முந்தியே கத்தி, அறையில் படுத்திருந்த அத்தனை பேரிடமும் வாங்கிக் கட்டிக்கொண்டாள். தானாக நேரம் மாற்றும் வசதியை அணைத்துவிட்டுப் போங்கள்.

இனி கைடைப் பற்றி. மானேபஞ்சன்காரர், நாற்பது வயதுக்குள் இருக்கும். குழுவில் முன்னால் நடக்க ஓர் உதவியாளரை விட்டுவிட்டு இவர் கடைசியில்தான் வருவார், அதாவது என்னோடு. ஏற்றத்தில் நான் வேகம் பிடித்தால் பின்னாலிருந்து “பிஸ்தாரை, தீதி” என்று குரல் வரும். மெதுவாகப் போகச் சொல்கிறார். பத்து நிமிடத்துக்கு ஒரு தடவை நிற்பதைவிட நிற்காமல் மெதுவாகப் போவதுதான் நல்லது என்று முதல் நாளே சொல்லிக்கொடுத்தார். அவர் நடக்கிற விதத்தையும் காட்டினார்: முன் காலை வைத்துவிட்டுப் பின் காலை ஒரு நொடி நிமிர்த்தி நிறுத்தி, எலும்பின்மேல் எடையை விட்டு, அப்புறம்தான் அடுத்த அடி. தொடைக்கு அந்த ஒரு நொடி ஓய்வு கிடைத்துக்கொண்டே இருக்கிறது. அடுத்த முறை சதுரகிரிக்கு இது போதும்.

சாயங்காலம் டீ வந்ததும் எல்லார் விரலிலும் ரத்தத்தில் ஆக்சிஜன் அளவைக் காட்டும் ஆக்சிமீட்டரை மாட்டி ஒரு பள்ளிக்கூட நோட்டில் எழுதுவார். அது காட்டுகிற அளவை மட்டும் நம்ப மாட்டார். உதட்டையும் நகத்தையும் டார்ச் அடித்துப் பார்ப்பார், ராத்திரி எத்தனை தடவை எழுந்தாய் என்று கேட்பார். குழுவில் ஜிம்முக்குப் போகிற பையன் ஒருவன், எங்களையெல்லாம்விட வேகமாக நடந்தவன், சந்தக்பூ போய்ச் சேர்ந்ததும் தலைவலி, வாந்தி என்று சுருண்டுவிட்டான். மாத்திரை போட்டுக்கொண்டு காலையில் பார்க்கலாம் என்று அவன் கெஞ்சினான். கைடு ஒரே பேச்சாக ஜீப்பைப் பிடித்து அன்றைக்கே கீழே அனுப்பிவிட்டார். அதுவரை நான் திட்டிக்கொண்டிருந்த அதே ஜீப் பாதை. வேறு பாதையாக இருந்தால் அந்தப் பையனைத் தூக்கிக்கொண்டுதான் இறங்கியிருக்க வேண்டும்.

சிங்கலிலா செம்பாண்டாவுக்குப் பேர்போன காடு. மூங்கில் கூட்டத்தில் எங்கே தளிர் கடிபட்டிருக்கிறது என்று கைடு காட்டினார். கடித்த பேர்வழியை நாங்கள் பார்க்கவில்லை.

காளிபோக்ரியிலிருந்து சந்தக்பூ ஆறு கிலோமீட்டர்தான். பிக்கேபஞ்சன் தாண்டியதும் கடைசி நான்கு கிலோமீட்டர் செங்குத்து. காலையிலேயே கிளம்பியதால் மதியச் சாப்பாட்டுக்குப் போய்விட்டோம். மேலே தண்ணீர் பஞ்சம். வெந்நீர் ஒரு பக்கெட் தனிக் காசு. குளிக்கிற ஆசை உங்களுக்கு வராது, கவலை வேண்டாம். நவம்பர் ராத்திரியில் தலைமாட்டில் வைத்த பாட்டிலில் மேலாக ஐஸ் கட்டியிருந்தது.

விடிகாலை. இதற்காகத்தான் எல்லாரும் வருகிறார்கள், குறை சொல்ல ஒன்றும் இல்லை. உலகின் உயரமான ஐந்து சிகரங்களில் நான்கை (எவரெஸ்ட், கஞ்சன்ஜங்கா, லோட்ஸே, மகாலு) நின்ற இடத்திலிருந்தே பார்க்கலாம். கஞ்சன்ஜங்காவும் பக்கத்துச் சிகரங்களும் சேர்ந்து ஒருவர் மல்லாந்து படுத்திருப்பதைப்போல் தெரியும். தூங்கும் புத்தர் என்கிறார்கள். முதல் வெயில் கஞ்சன்ஜங்கா உச்சியில் விழுந்து மெல்லக் கீழே இறங்கும்போது ஐம்பது அறுபது பேர் நிற்கிற இடத்தில் சத்தமே இல்லை. எவரெஸ்ட் விஷயத்தில் மட்டும் மனதைத் தயார் செய்துகொண்டு போங்கள். ரொம்பத் தூரத்தில் இருப்பதால், முன்னால் நிற்கும் மகாலுதான் பெரியதாகத் தெரியும். நாத்தனார் பார்த்துவிட்டு, “என்ன மதினி, எவரெஸ்ட் இம்புட்டுத்தானா?” என்றாள். பக்கத்தில் நின்ற வங்காளி மாமா எதைப் புரிந்துகொண்டாரோ, பைனாகுலரைக் கொடுத்தார்.

நாலாம் நாள். சந்தக்பூவிலிருந்து சபர்கிராம் வழியாக ஃபாலுட். 21 கிலோமீட்டர். காகிதத்தில் பார்த்தால் இரண்டு ஊருக்கும் உயரம் ஏறக்குறைய ஒன்றுதான். ‘சமதளம்’ என்று அதனால்தான் போட்டிருக்கிறார்கள் போல. முதுகு நெடுக இறங்கி ஏறி, இறங்கி ஏறி, நாள் முழுக்க 3,000 மீட்டருக்கு மேலேயே நடக்க வேண்டும். ஒதுங்க மரம் குறைவு. சில இடங்களில் பட்டுப்போன ஃபிர் மரங்கள் வெள்ளை வெளேரென்று எலும்பாக நிற்கும், அவ்வளவுதான். காற்று நேபாளத்திலிருந்து கிளம்பி நம் காதுக்குள் புகுந்து மறுபக்கம் போகும். கஞ்சன்ஜங்கா நாள் பூராவும் எதிரிலேயே நிற்கிறது என்பது உண்மை. மத்தியானத்துக்கு மேல் நான் அதைப் பார்க்கவில்லை, ஷூவைத்தான் பார்த்தேன்.

வழியில் கடை கண்ணி என்று நம்ப எதுவும் இல்லை. இப்படிப்பட்ட நாளுக்கு நிறுவனம் கட்டிக்கொடுத்த மதியச் சாப்பாடு: காய்ந்த ரொட்டி இரண்டு, அவித்த உருளைக்கிழங்கு ஒன்று, அவித்த முட்டை ஒன்று, சின்ன மாம்பழச்சாறு டப்பா. ரொட்டியை வளைத்தால் முறிந்தது. எட்டு மணி நேரத்துக்கு மேல் நடக்கிறவருக்கு இது காணாது. கைடுக்கே வெட்கமாக இருந்திருக்க வேண்டும். சபர்கிராமில் எங்கிருந்தோ வெந்நீர் வாங்கிவந்து, தன் பையிலிருந்த வாய்வாய் நூடுல்ஸைப் பிரித்து எல்லாருக்கும் பங்கு வைத்தார். பிறகு ஆளுக்கு ஒரு துண்டு சுர்பி கொடுத்தார். பாலிலிருந்து செய்து காயவைத்த கட்டி. கல் மாதிரி இருக்கும். கடிக்கக் கூடாது, கன்னத்தில் அடக்கிக்கொள்ள வேண்டும். அரை மணி நேரம் கழித்து ஓரம் மெல்ல இளகிப் புகையும் பாலுமாக ஒரு ருசி இறங்கும். ஃபாலுட் போய்ச் சேர்ந்தபோதும் என் வாயில் அது மிச்சம் இருந்தது.

ஃபாலுட்டில் தங்குமிடம் மிகக் குறைவு. மேற்கு வங்கம், சிக்கிம், நேபாளம் மூன்றும் சந்திக்கும் முனை அது. காற்று மூன்று பக்கமும் வரும். நாலு கட்டில் அறையில் ஆறு பேர் படுத்தோம். இதை முன்கூட்டியே சொல்லியிருந்தால் ஒருவரும் முணுமுணுத்திருக்க மாட்டார்கள்.

ஆனால் எனக்குப் பிடித்தது அதற்கடுத்த நாள்தான். ஃபாலுட்டிலிருந்து கோர்க்கே இறக்கம் 15 கிலோமீட்டர். ஜீப் இல்லை, புழுதி இல்லை, பாசி போர்த்திய மரங்களும் மூங்கிலும் மட்டுமே. உயரம் குறையக் குறைய ஸ்வெட்டர், குல்லா, கையுறை என்று ஒவ்வொன்றாகக் கழற்றினோம். கோர்க்கே நெருங்கியதும் காடு சட்டென்று திறந்து தோட்டமாகிவிடுகிறது. கோர்க்கேயில் மரவீடு, வாசலில் பூந்தொட்டி, கூரைக்கடியில் கொத்துக்கொத்தாக மக்காச்சோளம், கீழே ஓடை, ஓடைக்கு அந்தப் பக்கம் சிக்கிம். அந்த வீட்டு அம்மா போட்ட சாப்பாடு: சூடாகச் சோறு, பருப்பு, கடுகுக்கீரைப் பொரியல், உருளை வறுவல், ஓரத்தில் டல்லே மிளகாய் ஊறுகாய். டல்லே கோலிக்குண்டு அளவில் சிவப்பாக உருண்டையாக இருக்கும். காரத்தில் ராஜபாளையத்துக்காரியான எனக்கே காது அடைத்தது. மறுசோறு கேட்டு வாங்கினேன்.

இறக்கத்தை லேசாக நினைக்காதீர்கள். ஒரே நாளில் ஆயிரம் மீட்டருக்கு மேல் இறங்குவதால் முழங்கால்தான் முதலில் புகார் செய்யும். இரண்டு கைக்கும் ஊன்றுகோல் வேண்டும். மானேபஞ்சனில் வாடகைக்குக் கிடைக்கும். மறுநாள் ராம்மாம் வழியாக ஸ்ரீகோலா, அதற்கப்புறம் ஜீப். அதில் எழுத ஒன்றும் இல்லை, பின் சீட்டில் உட்காராதீர்கள் என்பதைத் தவிர.

இன்னொரு வம்பு பை விஷயம். ‘பெரிய பையை நாங்களே கொண்டுவந்து சேர்ப்போம்’ என்று போனில் சொன்னவர்கள், மானேபஞ்சனில் பைக்கு இவ்வளவு என்று தனியாகக் கேட்டார்கள். ஃபாலுட் வரை ஜீப், அதற்கப்புறம் போர்ட்டர், ஆகவே கூடுதல் என்று விளக்கம். போர்ட்டருக்குப் போகிற கூலியில் எனக்கு வருத்தமே இல்லை. தாராளமாகக் கொடுக்க வேண்டியதுதான். முதலிலேயே எழுத்தில் சொல்லியிருக்க வேண்டும். நீங்கள் பதிவு செய்தால் மூன்றைக் கேட்டு மெயிலில் வாங்கிக்கொள்ளுங்கள்: பை யார் பொறுப்பு, ஃபாலுட்டில் அறைக்கு எத்தனை பேர், நாலாம் நாள் மதியம் என்ன சாப்பாடு.

யார் போகலாம்? சதுரகிரி ஏறி இறங்கிவிட்டு மறுநாள் வேலைக்குப் போக முடிகிறவர் தாராளமாகப் போகலாம். கிளம்புவதற்கு இரண்டு மாதம் முன்பிருந்து ஞாயிறுதோறும் பையைச் சுமந்துகொண்டு நடந்து பழகியிருந்தால் நல்லது. முழங்கால் ஏற்கெனவே தேய்ந்தவர்கள், நேரமில்லாதவர்கள் சந்தக்பூவரை ஜீப்பில் போய் விடியலைப் பார்த்துவிட்டு வரலாம், அதில் கௌரவக் குறைச்சல் ஒன்றுமில்லை. சிகரங்கள் தெளிவாகத் தெரிய நவம்பர். ரோடோடென்ட்ரான் பூக்க வேண்டுமென்றால் ஏப்ரல், ஆனால் அப்போது மூட்டம் அதிகம்.

இதையெல்லாம் கொஞ்சம் மரியாதையான பாஷையில் நிறுவனத்துக்கும் எழுதினேன். சாப்பாட்டைப் பற்றி வருத்தம் தெரிவித்துப் பதில் வந்தது, பைக்கூலியைப் பற்றி இதுவரை மூச்சு இல்லை. நாத்தனார் ஏப்ரலுக்கு இன்னொரு தடவை போகலாம் என்கிறாள். அதே கைடு என்று எழுதிக்கொடுத்தால் பணம் கட்டுவேன்.