வண்ணார்பேட்டைல "மூளை பேண்ட்" விக்காங்க, பாத்துக்கிடுங்க

நீட்டுக்குப் படிக்கிற பிள்ளைய வீட்ல வச்சிருக்கவங்க முழுசா படிங்க. திருநெல்வேலி வண்ணார்பேட்டைல ஒரு கடைல (பேர் போட்டா வக்கீல் நோட்டீஸ் வரும், அதான் போடல) நெத்தில மாட்டுற ஹெட்பேண்ட் விக்காங்க, மூளை அலைய அளந்து போன்ல ஃபோகஸ் மார்க் காட்டுமாம், தினம் மாட்டுனா ஞாபக சக்தி கூடுமாம். எங்க மதினி மவனுக்குன்னு 18,500 ரூவா ஜிபேல அனுப்பிட்டாவ.

மொதல்ல 40, 45ன்னு நின்ன மார்க் அப்புறம் 90 தாண்டிட்டு, வீட்ல ஒரே சந்தோசம். நான் பக்கத்துல உக்காந்து பாக்கேன், புஸ்தகம் மூடிக் கெடக்கு, பய பல்லக் கடிச்சு நெத்தியச் சுருக்குதான், மார்க் சர்ருனு ஏறுது. "இப்படிச் செஞ்சாத்தான் ஏறும் சித்தப்பா"ங்கான்.

விஷயம் இதான். மூளை சிக்னல் தோலுக்கு வரும்போது மைக்ரோவோல்ட் (ஒரு வோல்ட்ல பத்து லட்சத்துல ஒரு பங்கு) கணக்குலதான் இருக்கும், தாடைத் தசை, கண் சிமிட்டுறது எல்லாம் அத விட பல மடங்கு பெருசு, கல்யாண வீட்டு மைக் செட்டுக்குப் பக்கத்துல நின்னு ரகசியம் கேக்குற கதைதான். அமைதி மார்க்குன்னு ஒண்ணு, சும்மா கண்ண மூடுனாலே ஏறுது. கண்ண மூடுனா ஆல்ஃபா அலைன்னு ஒரு வகை மூளை அலை கூடும்னு ஹான்ஸ் பெர்கர்ங்கிற ஜெர்மன் டாக்டர் கண்டுபிடிச்சு எழுதி நூறு வருஷம் ஆவப் போவுது, அதுக்கா இவ்ளோ துட்டு? கடைசில ஈரத்துண்டு சுத்துன தலகாணில மாட்டுனோம், அதுக்கும் 62. இனிமே தலகாணிதான் நீட் எழுதணும்.

திருப்பிக் கொண்டு போனா, "பையன் தலைல தேங்காண்ணெ, சென்சார் போச்சு, வாரண்டி கிடையாது"ங்காரு. ஆஸ்பத்திரில ஈஈஜி (மூளை அலைய அளக்குற டெஸ்ட்) எடுக்கவும் எண்ணெ வைக்காம வரச் சொல்லுவாங்க, வாஸ்தவம்தான், ஆனா அங்க பேஸ்ட் தடவி இருபது எலக்ட்ரோடு ஒட்டி வலிப்பு இருக்கான்னு பாக்காங்க, மார்க் போடல. எண்ணெ ஆவாதுன்னா விக்கும்போதே சொல்லணும்லா, நம்ம ஊர்ல எண்ணெ வைக்காத பிள்ள எங்க இருக்கு?

அமெரிக்கால மூளை கேம் வித்த லுமாசிட்டி இதே மாதிரி ஆதாரமில்லாம விளம்பரம் பண்ணி 2016ல 20 லட்சம் டாலர் கட்டுச்சு. இங்க ஜிஎஸ்டி பில் கூட தரல, எஸ்டிமேட்னு ஒரு துண்டுச்சீட்டு. ஜிபே ஸ்க்ரீன்ஷாட்ட வச்சு 1915ங்கிற நுகர்வோர் ஹெல்ப்லைன் நம்பர்ல புகார் குடுத்திருக்கோம், அடுத்து நுகர்வோர் கோர்ட்டு. இதே கடைல வாங்குனவங்க யாரும் இருந்தா இன்பாக்ஸ் வாங்க, சேந்தே கேஸ் போடுவோம்.