தி வெஸ்ட் விங் டிவிடி தொகுப்பு: எந்த சீசனை எதற்காக வாங்கலாம்

அரசியலை வைத்துத் திரைக்கதை எழுத ஆசைப்படுபவர்கள் வெள்ளை மாளிகையில் வேலை செய்பவர்களைப் பற்றிய இந்த அமெரிக்கத் தொடரைக் கட்டாயம் வாங்க வேண்டும். 1999 முதல் 2006 வரை என்பிசி தொலைக்காட்சியில் ஏழு சீசன் ஓடியது. தொடரை உருவாக்கிய ஆரன் சார்கின் பொறுப்பில் இருந்த முதல் நான்கு சீசன்களைத்தான் பலரும் தலையில் வைத்துக் கொண்டாடுகிறார்கள். வசனத்துக்கு அவை சரி. தேர்தல் வேலை எப்படி நடக்கிறது என்று கற்றுக்கொள்ள ஆறாவது சீசன்தான் என் பரிந்துரை.

காரணம், எழுதியவர்களில் சிலர் அந்த வேலையைச் செய்துவிட்டு வந்தவர்கள். ஈலை அட்டி துணை அதிபர் அல் கோரின் தலைமை உரை எழுத்தாளர். 2000 டிசம்பர் 13 அன்று கோர் தோல்வியை ஏற்றுப் பேசிய உரை அவர் எழுதியது. அடுத்த ஆண்டே இந்தத் தொடரின் எழுத்தாளர் குழுவில் சேர்ந்தார். பிறகு 'ஹவுஸ்' தொடருக்கும் எழுதினார். லாரன்ஸ் ஓ'டானல், செனட்டர் மொய்னிஹனின் ஆலோசகராக இருந்தவர், செனட் நிதிக் குழுவின் அலுவலர்களுக்குத் தலைமை தாங்கியவர்.

இப்படிப்பட்டவர்களிடம் ரகசியம் கிடைக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். எது எங்கே சிக்கும் என்பது அவர்களுக்குத் தெரியும், அதுதான் சரக்கு. முதல் சீசனின் நான்காவது எபிசோடைப் பாருங்கள். துப்பாக்கிக் கட்டுப்பாட்டு மசோதாவுக்கு ஐந்து ஓட்டு குறைகிறது. ஒரு உறுப்பினரை மிரட்ட வேண்டியிருக்கிறது. இன்னொருவருக்கு அதிபர் தன்னைக் கண்டுகொண்டால் போதும். மூன்றாமவர் மசோதா பலவீனமானது என்று கொள்கை பேசி மறுக்கிறார். கடைசியில் மசோதா நிறைவேறுகிறது, பெயரைத் துணை அதிபர் தட்டிக்கொண்டு போகிறார். ஒவ்வொரு ஓட்டுக்கும் வேறு விலை, வெற்றிக்கும் ஒரு விலை. இந்தக் கணக்கை வெளியிலிருந்து யோசித்து எழுதுவது மிகக் கடினம்.

ஆறாவது சீசனை ஒன்பதாவது எபிசோடிலிருந்து தொடங்கலாம். டெக்சஸ் காங்கிரஸ் உறுப்பினர் சான்டோஸ் அதிபர் வேட்பாளராகும் கதை அங்கேதான் கிளம்புகிறது. இந்தப் பாத்திரத்தை உருவாக்க அட்டி 2004இல் ஒபாமாவின் தேர்தல் ஆலோசகர் டேவிட் ஆக்சல்ராடிடம் பேசி, அப்போது செனட்டுக்குப் போட்டியிட்ட ஒபாமாவைப் பற்றிக் கேட்டுத் தெரிந்துகொண்டார். பதின்மூன்றாவது எபிசோடு அயோவாவில் நடக்கிறது. மக்காச்சோள விவசாயிகள் முன்னால், அந்தச் சோளத்திலிருந்து எடுக்கும் எரிபொருளான எத்தனாலை ஆதரித்துப் பேசியாக வேண்டும், பேசாவிட்டால் அந்த மாநிலம் கைவிட்டுப் போகும். ஒரே நாளை மூன்று வேட்பாளர்களின் முகாம்களிலிருந்து மாறி மாறிக் காட்டுகிறார்கள். இதை எழுதியவராகப் பெயர் வருவது தொடரின் தயாரிப்பாளர் ஜான் வெல்ஸுக்கு. அமெரிக்கத் தொடர்களில் கதையைக் குழுவாக உட்கார்ந்து பிரிப்பார்கள் என்பதால், பெயரை மட்டும் பார்த்து யார் பங்கு எவ்வளவு என்று தீர்மானிக்காதீர்கள்.

பயிற்சிக்கு ஒரு வழி: ஒவ்வொரு எபிசோடும் சுமார் 42 நிமிடம். விளம்பரத்துக்காகத் திரை இருளும் இடங்களில் நிறுத்தி, அதற்கு முந்தைய காட்சியில் யாருக்கு என்ன கைநழுவியது என்று ஒரு வரி எழுதுங்கள். ஒன்றும் எழுத முடியாத இடத்தில் காட்சி வெறும் தகவலாக நின்றுவிட்டது என்று அர்த்தம்.

அப்படி நின்றுபோகும் இடங்களும் உண்டு. உள்ளிருந்து வந்தவருக்குத் தெரிந்ததையெல்லாம் சொல்லிவிடும் ஆசை விடாது. 2005 நவம்பர் 6 அன்று, கிழக்குக் கரைக்கு ஒருமுறையும் மேற்குக் கரைக்கு ஒருமுறையுமாக இருமுறை நேரலையில் நடித்த தேர்தல் விவாத எபிசோடு ஓ'டானல் எழுதியது. வேட்பாளர்களாக நடித்த ஜிம்மி ஸ்மிட்ஸும் ஆலன் ஆல்டாவும் பிரமாதம். ஆனால் நேரலையின் படபடப்பு டிவிடியில் இல்லை, பல நிமிடங்கள் கொள்கைப் பாடமாகவே ஓடுகின்றன. ஐந்தாவது சீசனும் தடுமாறுகிறது.

பேச்சு வேகம் அதிகம், ஆங்கில சப்டைட்டிலை அணைக்காதீர்கள். சீசன்கள் தனித்தனியாகவும் விற்பனைக்கு வந்தவை. ஒன்றுக்கு மேல் வாங்க முடியாதென்றால் ஆறாவதை எடுங்கள்.